மேல் டிரம், கீழ் டிரம்

மார்ச் 2

மைத்துனருக்கு,

நலம். நலமறிய ஆவல் என்றும் எழுத வேண்டும். எழுதியதாக வைத்துக்கொள்.

நீ என் எண்ணைத் தடுத்து வைத்திருப்பதால் தபால்தலை ஒட்ட வேண்டியதாகிவிட்டது. உன் மருத்துவமனை கேன்டீன் முகவரியை உன்னுடைய பழைய ஓட்டல் மேனேஜரிடம் வாங்கினேன். கொடுப்பதற்கு முன்னால், "என்ன சார், மச்சான் கோச்சுக்கிட்டுப் போயிட்டானா?" என்று கேட்டார். ஊருக்கே தெரிந்திருக்கிறது, உன் அக்காவைத் தவிர.

விஷயம் அவளைப் பற்றியதுதான். நாற்பது மாடிக் கட்டடத்துக்கு லிஃப்ட் மாட்டும் வேலை முடிந்து ஏப்ரல் 6, திங்கட்கிழமை திரும்பி வருகிறாள். ஆறு மாதத்துக்கு முன் வாசலில் பெட்டியோடு நின்று அவள் சொன்னதை நீயும் கேட்டாய். "நான் வந்து பெல் அடிச்சா ரெண்டு பேரும் சேர்ந்து கதவைத் திறக்கணும். ஒருத்தர் மட்டும் திறந்தா அப்படியே திரும்பிப் போயிடுவேன்." அவள் சொன்னால் செய்வாள். தாயில்லாத உன்னைப் பத்து வயதிலிருந்து வளர்த்தவள். என்னைப் பதினொரு வருடமாக வளர்த்துக்கொண்டிருப்பவள்.

நீ கிளம்பி ஏழு வாரம். அவள் கூப்பிட்ட ஏழு ஞாயிற்றுக்கிழமையும், "தம்பி எங்கே?" என்ற கேள்விக்கு, "குளிக்கிறான், அப்புறம் அவன் போனுக்குக் கூப்பிட்டுப் பேசு" என்றேன். எனக்கு வேறு பொய் வராது. அவள் வேலைசெய்யும் இடத்தில் குரல் மட்டும்தான் எட்டும், முகம் தெரியாது என்பதால் பிழைத்தேன்.

பிரச்சினையின் வேரை நான் வெட்டிவிட்டேன். பழைய வாஷிங் மெஷினைக் கொடுத்துவிட்டுப் புதிது வாங்கியிருக்கிறேன். ஒரே உடம்பில் இரண்டு டிரம். மேலே சிறியது, கீழே பெரியது. இரண்டும் ஒரே நேரத்தில் ஓடும். மேலே குளிர்ந்த தண்ணீர், கீழே சூடான தண்ணீர். ஒன்றின் தண்ணீர் மற்றதில் ஒரு சொட்டும் கலக்காது. மேலே என் வெள்ளைச் சட்டைகள், கீழே உன் சமையல் துணிகள். உன் சிவப்புத் தலைத்துணி இனி என் பக்கம் எட்டிப்பார்க்க முடியாது.

ஆகவே நீ வரலாம். ஆறு சட்டைகள் ரோஸ் நிறமானதை நான் மறந்துவிட்டேன் என்று இதற்கு அர்த்தம் இல்லை. பள்ளி ஆய்வு நாளில் அந்தச் சட்டையில் நான் போய் நின்றதும், ஆய்வாளர் என்னைப் பாட்டு ஆசிரியர் என்று நினைத்ததும் எந்த நாளும் மறக்காது.

இப்படிக்கு,
உன் அக்காவின் கணவர்


மார்ச் 6

மதிப்பிற்குரிய கணக்கு ஆசிரியர் அவர்களுக்கு,

கேன்டீனில் வேலைசெய்யும் சாதாரணக் கரண்டி எழுதிக்கொள்வது. தங்கள் கடிதம் வெங்காயம் உரிக்கும்போது வந்தது. ஆகவே என் கண்ணில் தண்ணீர் வந்ததற்குத் தாங்கள் பெருமைப்பட வேண்டாம்.

புது மெஷினுக்கு வாழ்த்துகள். வேரை வெட்டிவிட்டேன் என்கிறீர்கள். முழங்காலுக்கும் மொட்டைத் தலைக்கும் முடிச்சுப் போடுகிறீர்கள். நான் சட்டைக்காகவா வீட்டை விட்டுப் போனேன்?

அன்றைக்கு ஹாலில் உங்கள் டியூஷன் பிள்ளைகள் ஒன்பது பேர் உட்கார்ந்திருந்தார்கள். நான் துணிக்கூடையோடு உள்ளே வந்தேன். நீங்கள் ஒரு சட்டையைத் தூக்கிப் பார்த்துவிட்டு என்ன சொன்னீர்கள்? "கையில கரண்டி பிடிக்கத் தெரிஞ்சா மட்டும் போதுமா? கண்ணுல கலர் தெரிய வேணாமா? உன் புத்தி அடுப்பைத் தாண்டாது." ஒன்பது பேரும் சிரித்தார்கள். அதில் கடைசி வரிசைக் குண்டுப் பையன், நான் செய்யும் கேக்குக்காகவே டியூஷனுக்கு வருபவன், அவனும் சிரித்தான். அது எந்த டிரம்மில் போட்டால் போகும் என்று உங்கள் மெஷினைக் கேட்டுச் சொல்லுங்கள்.

ஒரு வாரம் பொறுத்தேன். நீங்களாக ஏதாவது சொல்வீர்கள் என்று பார்த்தேன். புது வெள்ளைச் சட்டை ஆறு வாங்கி வந்தீர்கள், அவ்வளவுதான்.

இங்கே டயர் கடைக்கு மேலே ஒரு அறை. பஞ்சர் ஒட்டும் சத்தத்தில்தான் விடிகிறது. காலையில் முந்நூறு பேருக்குச் சூப்பும் ரொட்டியும். நோயாளிகள் குறை சொல்வதில்லை, அவர்களுக்கு வேறு கவலை இருக்கிறது. தலைமைச் சமையல்காரர் நல்ல மனிதர். ஏப்ரல் ஒன்றிலிருந்து நிரந்தர வேலை தருகிறேன் என்கிறார். கையெழுத்துப் போட்டால் மூன்று வருடத்துக்கு நகர முடியாது. போட்டுவிடலாம் என்று இருக்கிறேன்.

அக்காவுக்கு நானே பக்குவமாகச் சொல்லிக்கொள்கிறேன். அதுவரை பொய்யைக் காப்பாற்றுவது என் பொறுப்பும்தான். உங்களிடம் பேசி முடித்த கையோடு எனக்குப் போன் போடுகிறாள். "அத்தான் எங்கடா?" என்பாள். நான், "குளிக்கிறாரு" என்பேன்.

ஒரே ஒரு உதவி. கொடியில் என் வெள்ளை ஏப்ரன் ஒன்று விட்டுப்போனது. என் முதல் வேலைக்கு அக்கா தைத்துக் கொடுத்தது. அதைப் பார்சலில் அனுப்புங்கள். வேறெதுவும் வேண்டாம்.

பி.கு: இரண்டு டிரம்மும் ஒரே நேரத்தில் சுற்றினால் மெஷின் நடக்காதா? பழையது ஒன்றுக்கே சமையலறை வரைக்கும் வரும்.


மார்ச் 11

மைத்துனருக்கு,

நடக்காது. உன் சந்தேகம் நியாயமானது என்பதால் பதில் எழுதுகிறேன். நேற்று கீழே போர்வைகளையும் மேலே கைக்குட்டைகளையும் போட்டு, ஒரு டம்ளர் தண்ணீரை விளிம்புவரை நிரப்பி மெஷின் தலையில் வைத்தேன். இரண்டு டிரம்மும் முழு வேகத்தில் சுற்றின. ஒரு சொட்டுச் சிந்தவில்லை.

உண்மையைச் சொல்வதானால், அதற்கு முன்னால் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டேன். இரண்டு வட்டக் கண்ணாடி. மேலே சின்ன நுரை, கீழே பெரிய நுரை. கீழே உள்ளது ஒரு மணி எட்டு நிமிடம், மேலே உள்ளது நாற்பத்தொரு நிமிடம். மேலே உள்ளதை இருபத்தேழு நிமிடம் தாமதமாகத் தொடங்கினால் இரண்டும் ஒன்றாக முடியும். ஒன்றாகவே முடிந்தன. இரண்டு மணியும் சேர்ந்து அடித்தபோது கைதட்டிவிட்டேன். வீட்டில் யாரும் இல்லை என்பதால் பாதகமில்லை.

வீட்டில் யாரும் இல்லைதான். ஒரே குளியலறைக்கு முன்னால் நீயும் நானும் துண்டோடு மல்லுக்கட்டிய காலம் போய், இப்போது கதவைத் திறந்து வைத்துக்கொண்டே பல் தேய்க்கிறேன். சமையலறையில் நான் செய்வது எதுவோ அதைச் சாப்பிடுகிறேன். பெயர் கேட்காதே.

பிள்ளைகள் முன்னால் நான் பேசியது கடுமைதான். அதற்கான காரணம் உண்மை. உன் சிவப்புத் துணி இல்லாமல் என் சட்டைகளைத் தனியாக மேல் டிரம்மில் சனிக்கிழமை முதன்முறையாகத் துவைக்கப்போகிறேன். இதுவரை கையால் கசக்கிப் போட்டேன். அவை வெள்ளையாகவே வந்தால் நிரூபணம் முடிந்தது. முடிவை எழுதுகிறேன். ஏப்ரனும் வரும்.


மார்ச் 19

கணக்கு வாத்தியாரே,

பார்சல் வந்தது. நன்றி சொல்லத்தான் பிரித்தேன்.

என் ஏப்ரன் வெள்ளையாகத்தானே இருந்தது? இப்போது அது ரோஸ். சாதாரண ரோஸ் இல்லை, கல்யாண மண்டப வாசலில் கட்டும் துணி மாதிரி ரோஸ். முன்பக்கப் பையில் கை விட்டால் காகிதக் கூழ் ஒரு உருண்டை, அதுவும் ரோஸ். அதைத் தவிர ஒரு துண்டுச் சீட்டு இல்லை, ஒரு வரி இல்லை.

பழிக்குப் பழியா? சட்டைக்கு ஏப்ரனா? ஆறுக்கு ஒன்று கொஞ்சம் தள்ளுபடிதான், ஆனால் இது அக்கா தைத்தது. அது தெரிந்தும் செய்தீர்கள் என்பதுதான் என்னால் தாங்க முடியவில்லை. உங்களைக் கோபக்காரர் என்று நினைத்தேன். குரூரமானவர் என்று ஒருநாளும் நினைத்ததில்லை.

இங்கே எல்லாருக்கும் ஒரே சிரிப்பு. பாத்திரம் தேய்க்கும் அம்மா என்னை "ரோஜாப்பூ" என்று கூப்பிடுகிறார். சூப் வாளியைத் தூக்கிக்கொண்டு வார்டுக்குப் போனால் நோயாளிகள்கூட எழுந்து உட்கார்ந்து பார்க்கிறார்கள். அந்த வகையில் கொஞ்சம் புண்ணியம் உங்களுக்கு உண்டு.

நிரந்தர வேலைக்கு வெள்ளிக்கிழமை, 27ஆம் தேதி கையெழுத்துப் போடப்போகிறேன். கதவை நீங்கள் ஒருவரே திறந்துகொள்ளுங்கள்.


மார்ச் 22

மச்சான்,

இதைப் பென்சிலால் எழுதுகிறேன். காரணம் போகப் போகத் தெரியும். தயவுசெய்து கடைசிவரை படி. அவசரத் தபாலில் அனுப்புகிறேன், 27க்கு முன்னால் வந்துவிடும்.

பையில் இருந்த அந்தக் கூழ் உருண்டை என் கடிதம். நான்கு பக்கம்.

14ஆம் தேதி சனிக்கிழமை என்னுடைய சட்டைகள் ஆறையும் தனியாக மேல் டிரம்மில் போட்டேன். கீழே திரைச்சீலைகள். உன் துணி ஒரு நூல்கூட மெஷினில் ஓடவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து வெற்றிக்காகக் காத்திருந்தேன். பத்தாவது நிமிடம் மேல் கண்ணாடியில் நுரை ரோஸ் ஆனது. கீழ்க் கண்ணாடியில் நுரை வெள்ளையாகவே இருந்தது. ஒன்றின் தண்ணீர் மற்றதில் ஒரு சொட்டும் கலக்காது என்று உனக்கு எழுதியவன் நான். எழுந்து கண்ணாடியில் நெற்றியை வைத்துப் பார்த்தேன். என் சட்டைகளோடு சேர்ந்து சிவப்புப் பேனா ஒன்று சுற்றிக்கொண்டிருந்தது. விடைத்தாள் திருத்தும் பேனா. என் சட்டைப் பையில் நானே செருகி, நானே மறந்தது.

ஜனவரியில் நடந்ததும் இதுவாகத்தான் இருக்கும். பன்னிரண்டு பேனாப் பெட்டியில் அப்போதே ஒன்று குறைந்தது. எவனோ பையன் எடுத்துவிட்டான் என்று நினைத்தேன். சட்டைகளை அன்று விரித்துக்கூடப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் எந்தப் பையில் மை கொட்டியது என்று தெரிந்திருக்கும். திருடனைப் பிடித்துவிட்டதாக நினைப்பவன் சாட்சியைத் தேடுவானா? பிள்ளைகளுக்கு எல்லாம் வழியைக் காட்டிவிட்டு விடையை எழுது என்று சொல்லும் நான், விடையை எழுதிவிட்டு உன்னை வழியாக்கினேன்.

அன்றே உட்கார்ந்து எல்லாவற்றையும் எழுதினேன். மேசையில் இருந்தது சிவப்புப் பேனாதான், அதனால் சிவப்பில். நீ கண்டிப்பாகப் பார்க்க வேண்டும் என்று மடித்து ஏப்ரன் பையில் வைத்தேன். பிறகு ஏப்ரனில் ஒரு பழைய சூப் கறை கண்ணில் பட்டது. அழுக்கோடு அனுப்பக் கூடாது, மன்னிப்புக் கேட்பவன் ஒழுங்காகக் கேட்க வேண்டும் என்று கீழ் டிரம்மில் சூடான தண்ணீரில் போட்டேன். பையைப் பார்க்காமல் துவைத்ததற்கு மன்னிப்புக் கேட்ட கடிதத்தை, பையைப் பார்க்காமல் துவைத்தேன். துணி காய்ந்தபோது இரவு மணி எட்டு, மின்சாரம் இல்லாத இருட்டில் மடித்துப் பார்சல் கட்டினேன். நிறமும் தெரியவில்லை, என் புத்தியும் வேலை செய்யவில்லை.

உன் கடிதம் படித்தேன். குரூரமானவர் என்று எழுதியிருந்தாய். அது எனக்கு வலித்தது, வலிக்க வேண்டியதுதான்.

நேற்று டியூஷனில் ஒன்பது பேரையும் உட்காரவைத்துக் கரும்பலகையில் எழுதினேன். கொடுக்கப்பட்டது: இரண்டு டிரம். நிரூபிக்க வேண்டியது: குற்றவாளி யார். படிப்படியாகப் போய், கடைசி வரியில் என் பெயரை எழுதி அடிக்கோடு இட்டேன். யாரும் சிரிக்கவில்லை. கடைசி வரிசைப் பையன் மட்டும் கை தூக்கி, "அப்போ அந்த அண்ணன் திரும்பி வருவாரா சார்?" என்று கேட்டான். கேக்குக்காகக் கேட்கவில்லை என்று நினைக்கிறேன். கேக்குக்காகவும் இருக்கலாம்.

மச்சான், உன்னைப் பிள்ளைகள் முன்னால் கேவலப்படுத்தினேன். தப்பு என்னுடையது. சட்டைத் தப்பு மட்டும் இல்லை, பேச்சுத் தப்பும். உன் தலைத்துணியால்தான் என் சட்டை கெட்டது என்றே வைத்துக்கொண்டாலும் நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாது. மன்னித்துவிடு. கையெழுத்துப் போடாதே. வீட்டுக்கு வா. அவளுக்காக மட்டும் கூப்பிடவில்லை. எனக்கும் நீ இல்லாமல் நன்றாக இல்லை.

அத்தான்


மார்ச் 26

அத்தான்,

உறைக்குள் ஒரு பேனா இருக்கும். பத்திரமாக எடுங்கள். மூடி தனி, பேனா தனி. உங்கள் பன்னிரண்டில் குறைந்தது இதுதான்.

ஜனவரியில் மெஷினைத் திறந்து துணியை எடுத்தவன் நான்தானே? முதலில் கைக்கு வந்ததே இதுதான். எடுத்து என் பையில் போட்டுக்கொண்டு, உங்களிடம் தனியாகக் காட்டிச் சிரிக்கலாம் என்றுதான் கூடையோடு உள்ளே வந்தேன். அதற்குள் நீங்கள் ஆரம்பித்துவிட்டீர்கள். பையில் கை வைத்தேன். எடுத்து நீட்டியிருந்தால் ஒன்பது பேரும் உங்களைப் பார்த்துச் சிரித்திருப்பார்கள். மறுநாள் ஆய்வு, அதே பிள்ளைகள் முன்னால் நீங்கள் பாடம் நடத்த வேண்டும். வாத்தியார் மேல் பிள்ளைகளுக்கு ஒரு பயம் வேண்டும், என் மேல் யாருக்கும் பயம் தேவையில்லை. கையை வெளியே எடுத்துவிட்டேன்.

அதற்குப் பிறகு ஒரு வாரம் அதைக் காட்டியிருக்கலாம். எனக்கும் ரோஷம் வந்துவிட்டது. கணக்குப் புலி தானாகக் கண்டுபிடிக்கட்டும் என்று இருந்தேன். கண்டுபிடிக்க உங்களுக்கு இரண்டு டிரம் தேவைப்பட்டிருக்கிறது.

உங்கள் கடிதத்தைக் கேன்டீனில் உரக்கப் படித்தேன். மன்னிப்புக் கடிதத்தையே துவைத்த இடத்தில் தலைமைச் சமையல்காரர் கரண்டியைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்தார். பாத்திரம் தேய்க்கும் அம்மா மட்டும், "கரும்பலகையில அவரு பேரையே எழுதினாராப்பா? அந்த மனுஷனை விட்டுடாதே" என்றார்.

நிரந்தர வேலைக்குக் கையெழுத்துப் போடவில்லை. தலைமைச் சமையல்காரர் இன்றே காகிதத்தோடு வந்து நீட்டிய பேனா சிவப்பு. பார்த்ததும் பயந்துவிட்டேன். ஏப்ரல் கடைசிவரை மட்டும் வேலை பார்த்துக் கொடுத்துவிட்டு வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். நடுவில் அக்காவுக்காக ஐந்து நாள் லீவு. 4ஆம் தேதி சனிக்கிழமை வருகிறேன்.

ஒரு நிபந்தனை. இரண்டையும் ஒரே நேரத்தில் ஓடவிட்டு, மணி சேர்ந்து அடிப்பதை நான் பார்க்க வேண்டும். கைதட்டலாமா கூடாதா என்பதை அப்போது முடிவு செய்வோம்.

அன்புடன்,
கரண்டி

பி.கு: என் போனில் உங்கள் எண்ணைத் திறந்துவிட்டேன். ஆனாலும் கடிதமே எழுதுங்கள். போனில் நீங்கள் இவ்வளவு நல்லவராக இருப்பதில்லை.


ஏப்ரல் 9

அன்பு மச்சான்,

நீ பஸ் ஏறி ஆறு மணி நேரம்தான் ஆகிறது, அதற்குள் கடிதமா என்று நினைக்காதே. உன்னிடம் உடனே சொல்லியாக வேண்டிய ஒன்று நடந்துவிட்டது.

திங்கட்கிழமைக் கூத்துக்கு நீயும் நானும் சம பங்கு. டாக்சி பன்னிரண்டு மணிக்குத்தான் வரும், அதற்குள் வீட்டில் உள்ள துணி எல்லாவற்றையும் துவைத்துவிடலாம் என்றது உன் யோசனை. மேலேயும் கீழேயும் சேர்த்து ஓடவிட்டால் சரியாகப் பதினொன்றரைக்கு முடியும் என்றது என் கணக்கு. விமானம் அரை மணி நேரம் முன்னதாக வரும் என்பது இருவர் கணக்கிலும் இல்லை. பெல் அடித்தபோது நம்முடைய நல்ல துணி அத்தனையும் நுரைக்குள் இருந்தது. கையில் கிடைத்த ரோஸ் சட்டையில் நானும் ரோஸ் ஏப்ரனில் நீயுமாக ஆளுக்கொரு கை வைத்துக் கதவைத் திறந்தோம். அவள் பெட்டியை வாசலிலேயே போட்டுவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தது இன்னும் காதில் இருக்கிறது. அவள் உள்ளே கால் வைத்த நேரம் பார்த்து இரண்டு மணியும் சேர்ந்து அடித்தனவே, அப்போது முதலில் கைதட்டியது நீதான். அதை எழுத்தில் பதிவு செய்கிறேன்.

நம் சண்டையைப் பற்றி அவளுக்கு ஒன்றும் தெரியாது, முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துவிட்டோம் என்று மூன்று நாளும் நாம் கண்ணடித்துக்கொண்டோம் அல்லவா? சட்டை ரோஸ் ஆன கதையை வெறும் வேடிக்கையாகச் சொல்லி முடித்தோமே?

இன்று உன்னைப் பஸ் ஏற்றிவிட்டு வந்தேன். அவள் மெஷின் முன்னால் என் நாற்காலியில் உட்கார்ந்து, தன் பெட்டித் துணியில் வெள்ளையை மேலேயும் கலரைக் கீழேயும் போட்டுக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு பையாகக் கை விட்டுப் பார்த்த பிறகுதான் போட்டாள். என்னைப் பார்க்காமலே பேசினாள்.

"அவன் ரூம் எப்படி? டயர் கடைக்கு மேலேன்னா சத்தமா இருக்குமே?"

உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்டேன்.

"டயர் கடை நேத்துதான் தெரியும், அவனே உளறினான். நீங்க பிரிஞ்சிருக்கீங்கன்னு மூணாவது ஞாயித்துக்கிழமையே தெரியும். அன்னைக்குப் போனை வெச்சுட்டுக் கொஞ்சம் அழுதேன். அப்புறம் ரெண்டு பேரும் ஒரே மாதிரி பொய் சொல்றீங்களே, அப்போ எப்படியும் ஒண்ணு சேர்ந்துடுவீங்கன்னு தோணிச்சு. மத்த எட்டு வாரமும் சிரிச்சேன்."

நாங்கள் என்ன தப்பாகச் சொன்னோம் என்று கேட்டேன். மச்சான், அவள் மேல் டிரம் கதவைச் சாத்தினாள், கீழ் டிரம் கதவைச் சாத்தினாள், இரண்டு பொத்தானையும் அழுத்தினாள். பிறகு திரும்பி என்னைப் பார்த்தாள்.

"வாராவாரம் உங்களைக் கேட்டா அவன் குளிக்கிறான். அஞ்சு நிமிஷம் கழிச்சு அவனைக் கேட்டா நீங்க குளிக்கிறீங்க. ரெட்டை மெஷின் வாங்கினது சரி. ரெட்டை பாத்ரூம் எப்போ கட்டினீங்க?"

கணக்கு வாத்தியாரிடம் இதற்கு விடை இல்லை. கரண்டியிடம் இருந்தால் உடனே எழுது. அவள் காத்திருக்கிறாள்.

அன்புடன்,
அத்தான்